மிச்ச ஒன்றரை வீடு

"ஐநூத்தி ஏழா?"

முத்திருளன் பாஸ்புத்தகத்தைக் கண்ணுக்குக் கிட்டே கொண்டுபோனான். பிறகு கையை நீட்டித் தூரத்தில் வைத்துப் பார்த்தான். எப்படிப் பார்த்தாலும் அது ஐநூற்று ஏழாகவே இருந்தது.

"ஐநூத்தி ஏழுதான்" என்றார் மேனேஜர் கண்ணுச்சாமி. வீடு கட்டக் கடன் கொடுக்கும் அந்தக் கூட்டுறவுச் சங்கத்தில் மேனேஜரும் அவர்தான், கேஷியரும் அவர்தான். அவரைத் தவிர அங்கே இருந்தது பியூன் மலைச்சாமியும், ஒரு மின்விசிறியும். இரண்டும் மெதுவாகத்தான் அசையும்.

"சார், மாசம் நானூத்தி நாப்பது ரூவா. பன்னெண்டு மாசம், ஒரு நாள் பிந்தாமக் கட்டிருக்கேன். ஐயாயிரத்து இருநூத்தி எம்பது. அதுல கடன் கழிஞ்சது ஐநூத்தி ஏழுங்கிறீக. மிச்சத்தை எலி தின்னுருச்சா?"

"மிச்சம் வட்டிய்யா."

"எம்புட்டு வருசத்துக்கு இப்படி?"

"இருபது வருசத்துக்கு. மொதல்ல கட்டுறதெல்லாம் வட்டிக்கே போயிரும். போகப் போகத்தான் முதல் கழியும்."

கண்ணுச்சாமி நல்ல மனிதர். நல்ல மனிதர்களிடம் ஒரு தொல்லை, கேட்காததையும் விளக்குவார்கள். அவர் ஒரு பழைய விண்ணப்பத்தின் முதுகில் 440 என்று எழுதி, இருநூற்று நாற்பதால் பெருக்கி, விடையின் கீழே இரண்டு கோடு போட்டு முத்திருளன் பக்கம் திருப்பினார். ஒரு லட்சத்து ஐயாயிரத்து அறுநூறு.

"நான் வாங்குனது நாப்பதாயிரம்தான சார்?"

"ஆமா. இது இருபது வருசத்துல நீங்க கட்டப்போறது. எல்லாம் பத்திரத்துல இருக்கு. இருபத்தாறு பக்கம். பக்கத்துக்குப் பக்கம் உங்க கையெழுத்து."

கையெழுத்துப் போட்ட நாள் முத்திருளனுக்கு நன்றாக ஞாபகம் இருந்தது. சிமெண்ட் பெர்மிட்டுக்கு ஐந்து மாதம் தாசில்தார் ஆபீசுக்கு நடந்து, அன்றைக்குத்தான் மூட்டைகள் வந்து இறங்கின. வானம் கறுத்துக்கொண்டு நின்றது. அந்த அவசரத்தில் இருபத்தாறு பக்கம் என்ன, இருநூற்று அறுபது பக்கம் கொடுத்திருந்தாலும் போட்டுவிட்டு ஓடியிருப்பான்.

அவன் கணக்கைத் தன் வழியில் போட்டான். "ஒரு வீடு கட்ட நாப்பதாயிரம். ஒரு லட்சத்துச் சொச்சத்துல ரெண்டரை வீடு கட்டலாம். நான் ஒரு வீட்டுலதான் இருக்கேன். மிச்ச ஒன்றரை வீடு எங்க சார் இருக்கு?"

கண்ணுச்சாமியின் இருபத்திரண்டு வருட சர்வீசில் யாரும் அந்த வீட்டின் விலாசத்தைக் கேட்டதில்லை.

ஒரு வருடம் ஒழுங்காகக் கட்டியதைக் கொண்டாட முத்திருளன் கால் கிலோ லட்டு வாங்கிவந்து மேசைமேல் வைத்திருந்தான். அதைத் திரும்ப எடுத்துப் பைக்குள் போட்டுக்கொண்டான். மலைச்சாமி வாயில் ஏற்கெனவே ஒன்று போய்விட்டது. அதை மட்டும் விட்டுவிட்டான்.

முத்திருளனுக்கு பஸ் டெப்போவில் டயர் பிரிவில் வேலை. மறுநாள் முழுக்க ஒரு டயரையே கழற்றி மாட்டிக்கொண்டிருந்தான். கூட வேலை பார்க்கும் சிவனாண்டிக்கு அது பொறுக்கவில்லை. அவனும் அதே சங்கத்தில் கடன் வாங்கி, கோச்சடையில் அடுத்த தெருவிலேயே வீடு கட்டியவன்தான். ஆனால் பாஸ்புத்தகத்தைத் திறந்து பார்க்கும் பழக்கம் இல்லாததால் நிம்மதியாக இருந்தான்.

"விடு மாப்ள. என் மச்சான் அவனியாவரத்துல ஒத்திக்கு ஒரு வீடு பிடிச்சிருக்கான், தெரியுமா? எட்டாயிரத்தை ஓனர் கையில குடுத்தான், வீட்டுல போயி உக்காந்துட்டான். வாடகையும் கெடையாது. மூணு வருசம் கழிச்சுக் காலி பண்ணும்போது அந்த எட்டாயிரம் அப்படியே வந்துரும்."

"ஓனர் வட்டி குடுக்க வேணாமா?"

"ஒத்திக்கு ஏது வட்டி? பணம் குடுத்தவன் வீட்டை அனுபவிக்கிறான்ல? அதுதான் வட்டி."

முத்திருளன் ஸ்பேனரைக் கீழே வைத்தான். இந்த ஊரில் பிறந்த எவனுக்கும் ஒத்தி தெரியும். அவனுக்கும் தெரியும். தெரிந்ததை இத்தனை நாள் எடுத்துப் பார்க்காமல் இருந்துவிட்டான், அவ்வளவுதான்.

"மாப்ள, சங்கம் எனக்கு நாப்பதாயிரம் குடுத்திருக்கு. வீட்டுப் பத்திரம் சங்கத்துக்கிட்ட இருக்கு. அப்ப சங்கம் யாரு?"

"யாரு?"

"ஒத்திக்காரன்! ஒத்திக்காரன்னா வீட்டை அனுபவிக்கணும், வட்டி கேக்கப்படாது. வட்டி கேக்குறான்னா அது என் தப்பு. நான்ல வீட்டைக் குடுக்காம உள்ள உக்காந்திருக்கேன்!"

சிவனாண்டி வாயைத் திறந்தான். ஆனால் இதில் எங்கே ஓட்டை என்று அவனுக்குத் தெரியவில்லை, மூடிக்கொண்டான்.

வீட்டில் சீனியம்மாளுக்கு ஓட்டை தெரிந்தது. "காலி பண்ணவா? நம்ம வீட்டையா?"

"ஆமா. பின்னாடி சிமெண்டு மூட்டை போட்டு வச்ச கொட்டகை இருக்குல்ல, அதுல இருந்துக்கிருவோம்."

"ஏங்க, என் எட்டுப் பவுன் சங்கிலி இந்த அஸ்திவாரத்துக்குள்ள கெடக்கு. சன்னலுக்கு நீல பெயிண்டு அடிக்க நான் எருமைப் பால் வித்துக் காசு சேத்தேன். நீங்க ஒரு டயரைக் கழட்டிட்டு வந்து காலி பண்ணுங்கிறீக!"

"சீனி, அறுபத்தஞ்சாயிரம் ரூவா வட்டி. அறுபத்தஞ்சாயிரம்! அதைக் குடுக்குறதுக்குப் பதிலா நான் கொட்டகையில கெடந்து சாவேன்."

"வட்டி வாங்காம ஒருத்தர் இம்புட்டுப் பணம் குடுப்பாகளா?"

"குடுப்பாக. அதுக்குப் பேருதான் ஒத்தி."

அவள் அழுதாள், திட்டினாள், இரண்டு நாள் குழம்பில் உப்பைக் குறைத்தாள். முத்திருளன் உப்பில்லாமலே சாப்பிட்டான். வீம்பு பிடித்தவனுக்கு நாக்கு ஒரு பொருட்டில்லை. மூன்றாம் நாள் கட்டிலும் பெட்டியும் கொட்டகைக்குப் போயின. பக்கத்திலேயே எருமை கட்டியிருந்தது. புதிதாகக் குடிவந்தவர்களை அது கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு மறுபடி அசைபோடத் தொடங்கியது.

திங்கட்கிழமை கண்ணுச்சாமியின் மேசையில் ஒரு சாவி விழுந்தது.

"வீட்டை ஒத்திக்குக் குடுத்தாச்சு. அனுபவிங்க சார். இனிமே முதல் மட்டும்தான் வரும். மாசம் நூத்தி அறுபத்தேழு, மணியார்டர்ல."

"யோவ், சாவி வாங்க இங்க ரூல் இல்லைய்யா."

"வட்டி வாங்க ரூல் வச்சிருக்கீகல்ல, அதுக்குப் பக்கத்துல எழுதிக்கங்க."

"நான் இருக்கிறது சிம்மக்கல்லுல. ஒரு குழாய்க்கு ஏழு குடித்தனம். ஒரு நல்ல வீட்டுச் சாவிக்கு மூணு வருசமா நான் நாயா அலையிறேன். நீ என்னடான்னா கட்டுன வீட்டுச் சாவியை என் மேல எறியிற!"

முத்திருளன் அதைக் கேட்கக் காத்திருக்கவில்லை. மலைச்சாமி சாவியைக் கையில் வைத்துக்கொண்டு வெகுநேரம் நின்றான். கடைசியில் வந்த தபால்களை எழுதும் ரிஜிஸ்டரில் 'சாவி, ஒன்று' என்று எழுதி, காலண்டர் ஆணியில் மாட்டினான்.

முதல் மாதம் நூற்று அறுபத்தேழு ரூபாய் மணியார்டர் போனது. பதிலுக்கு ஒரு நோட்டீஸ் வந்தது: இருநூற்று எழுபத்து மூன்று ரூபாய் பாக்கி. முத்திருளன் ஒரு கார்டு எழுதினான்: 'சாவி தங்களிடம் உள்ளது. அனுபவிக்கவும்.'

இரண்டாவது மாத நோட்டீசில் பாக்கி இரண்டு மடங்காகி, அதற்குமேல் அபராத வட்டியும் ஏறியிருந்தது. வட்டியே கட்ட மாட்டேன் என்றவனுக்கு இப்போது வட்டிக்கு வட்டி. நோட்டீசைக் கொண்டுவந்தது மலைச்சாமி. வெயிலில் சைக்கிள் மிதித்து வந்த அவனுக்கு சீனியம்மாள் ஒரு செம்பு மோர் கொடுத்தாள்.

"எதிரிக்கு எதுக்கு மோரு?" என்றான் முத்திருளன்.

"அவரு எதிரி இல்லீங்க, பியூன்."

சங்கத்துக்கு உறைக்கும்படி ஏதாவது செய்ய வேண்டும் என்று முத்திருளன் தீர்மானித்தான். டெப்போவிலிருந்து ஒரு டப்பா தார் வாங்கிவந்து வீட்டின் முன்சுவரில், சீனியம்மாளின் நீல சன்னலுக்குக் கீழே, முழ உயர எழுத்தில் எழுதினான்: 'இந்த வீடு சங்கத்திடம் ஒத்தியில் உள்ளது.'

மதுரையில் ஒத்தி என்ற சொல்லைச் சுவரில் எழுதினால் என்ன ஆகும் என்று அவன் யோசித்திருக்க வேண்டும். மூன்றே நாளில் ஏழு குடும்பம் வந்து கதவைத் தட்டின. ஒருவர் மடியில் பத்தாயிரம் ரூபாயோடு வாடிப்பட்டியிலிருந்து டாக்ஸி வைத்து வந்திருந்தார். அத்தனை பேரையும் முத்திருளன், "சங்கத்தைப் போயிக் கேளுங்க" என்று அனுப்பினான். அவர்களும் போய்க் கேட்டார்கள். சங்கம் மலிவாக ஒத்திக்கு வீடு விடுகிறது என்று பேச்சுப் பரவி, வியாழக்கிழமை கண்ணுச்சாமி ஆபீசுக்குள் நுழையவே வரிசையில் நிற்க வேண்டியிருந்தது.

நல்ல மனிதரின் பொறுமையும் அன்றோடு முடிந்தது. மூன்றாவது நோட்டீஸ் ரிஜிஸ்டர் தபாலில் வந்தது. முப்பது நாளுக்குள் பாக்கி முழுவதும் கட்டாவிட்டால் வீடு ஏலம்.

சீனியம்மாள் அந்தத் தாளை வாங்கி எழுத்துக்கூட்டிப் படித்தாள். ஏலம் என்ற சொல்லில் அவள் விரல் நின்றுவிட்டது. இந்தச் செங்கல்லை அவள் தலையில் சுமந்திருக்கிறாள். இந்தச் சுவருக்குத் தண்ணீர் விட்டே அவள் கையில் ரேகை அழிந்திருந்தது.

"வரட்டும்" என்றான் முத்திருளன். "தண்டோராப் போட்டு ஏலம் விடட்டும். நானும் நின்னு பாக்குறேன். ஒத்தி வீட்டை ஏலம் விட்டவன் இந்தச் சீமையில எவனாவது உண்டா?"

"மண்டியிட்டுக் கேக்கச் சொல்லல. ஒரு வார்த்தை பேசிட்டாவது வாங்களேன்."

"அந்த வாசப்படிய மிதிக்க மாட்டேன். நீயும் மிதிக்கப்படாது. சொல்லிட்டேன்."

மறுநாள் காலை சேலை மாற்றிக்கொண்டு, "வாடிப்பட்டியில அண்ணனைப் பாத்துட்டு வாரேன்" என்று கிளம்பினாள். போன சுருக்கில் திரும்பிவிட்டாள். வாடிப்பட்டிக்குப் போய்வரும் நேரம்கூட ஆகவில்லை.

"அதுக்குள்ள வந்துட்ட?"

"அண்ணன் ஊருல இல்ல" என்றாள்.

அதற்குப் பிறகு நோட்டீஸ் வரவில்லை. ஒரு வாரம் பார்த்தான், இரண்டு வாரம் பார்த்தான். மலைச்சாமியின் சைக்கிளே அந்தப் பக்கம் காணோம். பதினாறாம் நாள் ஒரு மாட்டுவண்டி வந்து வாசலில் நின்றது. அதில் பீரோ, பானை, தையல் மெஷின், எல்லாவற்றுக்கும் மேலே மேனேஜர் கண்ணுச்சாமியின் மனைவி தங்கப்பொண்ணு. வண்டிக்குப் பின்னால் கண்ணுச்சாமி குடையோடு நடந்துவந்தார்.

முத்திருளன் கொட்டகையிலிருந்து ஓடிவந்தான். "என்ன சார், அனுபவிக்க வந்துட்டீகளா?"

கண்ணுச்சாமி சீனியம்மாளைப் பார்த்தார். சீனியம்மாள் எருமையைப் பார்த்தாள்.

"ஆமாய்யா" என்றார் கண்ணுச்சாமி. "அனுபவிக்கத்தான் வந்திருக்கேன்."

முத்திருளனின் சந்தோஷத்தை என்ன சொல்ல! சங்கம் பணிந்துவிட்டது. மேனேஜரையே அனுப்பி வீட்டை ஒத்தியாக ஏற்றுக்கொண்டுவிட்டது. அன்றைக்குப் பீரோவை உள்ளே தூக்கிவைக்க அவனே ஒரு பக்கம் பிடித்தான்.

ஜெயித்தவனுக்கும் கஷ்டம் உண்டு. அவன் போட்ட அடிபம்பில் தங்கப்பொண்ணு தண்ணீர் அடித்து முடிக்கும்வரை அவன் குடத்தோடு நிற்க வேண்டியிருந்தது. அவன் மாட்டிய மின்விசிறி உள்ளே சுற்றும் சத்தத்தைக் கேட்டுக்கொண்டே கொட்டகையில் ஓலை விசிறியால் வீசிக்கொண்டான். ஒருநாள் உள்ளே ஆணி அடிக்கும் சத்தம் கேட்டது. தன் நெஞ்சில் அடிப்பதுபோல எழுந்து உட்கார்ந்தான்.

"புதுப் பூச்சு, சீனி. சொவத்துல ஆணி அடிக்கிறாக."

"அடிக்கட்டும். ஒத்திக்காரவுகளுக்கு உரிமை இல்லையா?" என்றாள் சீனியம்மாள்.

அவன் மறுபடி படுத்துக்கொண்டான். ஐப்பசி மழையில் கொட்டகை ஒழுகியது. எருமையின் பக்கம் மட்டும் ஒழுகவில்லை. அதனால் மூவரும் அந்தப் பக்கமே ஒண்டிக்கொண்டார்கள்.

ஆனால் அவன் வருத்தப்பட்டான் என்று நினைத்தால் தப்பு. அறுபத்தைந்தாயிரம் என்று ஒருமுறை மனசுக்குள் சொல்லிக்கொள்வான், சொட்டுகிற தண்ணீர்கூட இதமாக இருக்கும். ஒரே ஒரு விஷயம்தான் அவனுக்கு விளங்கவில்லை. மாதம் பிறந்தால் தங்கப்பொண்ணு கொல்லைப்பக்கம் வந்து, வாங்கிய பாலுக்குச் சீனியம்மாளிடம் காசு கொடுப்பாள். சீனியம்மாள் எண்ணிக்கொண்டே இருப்பாள்.

"தெனம் அரைலிட்டர் பாலு. அந்தக் காசை எண்ண இம்புட்டு நேரமா?" என்று கேட்டான் ஒருநாள்.

"சில்லறையாக் குடுக்குறாக" என்றாள் அவள், முந்தானையில் முடிந்துகொண்டே.

டெப்போவில் அவன் பெயர் பரவிவிட்டது. சங்கத்தையே மடக்கியவன் என்று டிரைவர்கள் வண்டியை நிறுத்திப் பார்த்துவிட்டுப் போனார்கள். கேன்டீனில் அவனுக்கு மட்டும் டீ ஓசி. ஏழு மாதமாக வட்டி கட்டவில்லை, மூன்றாவதற்குப் பிறகு ஒரு நோட்டீஸ் இல்லை, மேனேஜரே குடிவந்துவிட்டார். இதற்குமேல் என்ன அத்தாட்சி வேண்டும்? அதே சங்கத்தில் கடன் வாங்கிய பதினோரு பேர் வேலை நேரத்திலேயே கூட்டம் போட்டார்கள். சிவனாண்டி முதல்முறையாகத் தன் பாஸ்புத்தகத்தைத் திறந்து பார்த்துவிட்டு, பக்கத்திலிருந்த டயர்மேல் உட்கார்ந்துவிட்டான். பிறகு எழுந்து, "நம்மளும் சாவியைத் தூக்கி எறிவோம்டா" என்றான்.

அடுத்த சனிக்கிழமை பதினோரு பேரும் பதினோரு சாவியோடு கிளம்பினார்கள். முத்திருளனுக்கு ஒரு ரோஜா மாலை போட்டு முன்னால் நடக்க விட்டார்கள். மிதிக்க மாட்டேன் என்று சொன்ன வாசற்படியை மாலையோடு மிதிப்பதில் தவறில்லை என்று அவனுக்குத் தோன்றியது.

மேசைமேல் பதினோரு சாவி சடசடவென்று விழுந்தது. கண்ணுச்சாமியின் முகம் வெளுத்துவிட்டது.

"என்னய்யா இது?"

"ஒத்தி!" என்றான் சிவனாண்டி. "எங்க மாப்ளைக்கு ஒரு நியாயம், எங்களுக்கு ஒரு நியாயமா? வீட்டை எடுத்துக்கங்க, வட்டியை விடுங்க."

"எவன்யா வட்டியை விட்டது?"

"மறைக்காதீக சார்" என்றான் முத்திருளன் மாலையைச் சரிசெய்தபடி. "என் பேரேட்டை எடுங்க. ஏழு மாசமா வட்டிக் கட்டத்துல என்ன இருக்குன்னு எல்லாரும் பாக்கட்டும். நான் மாசம் நூத்தி அறுபத்தேழுக்கு மேல ஒரு பைசா அனுப்பல."

"வேணாம்யா."

"எடுங்க சார்!" என்று பதினோரு பேரும் சேர்ந்து கத்தினார்கள்.

கண்ணுச்சாமி சுவரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். மலைச்சாமிதான் பேரேட்டை எடுத்துவந்து பிரித்துவைத்தான். சிவனாண்டி விரல் வைத்துப் படித்தான். படிக்கப் படிக்கக் குரல் இறங்கிக்கொண்டே போனது.

"பழைய பாக்கி, அபராதம், எல்லாம் ஒரே நாள்ல கட்டிருக்கு. அதுக்குப் பெறகு மாசம் ஐநூறு. அடுத்த மாசம் ஐநூறு. மாப்ள... வட்டி பூராக் கட்டிருக்கு. கட்ட வேண்டியதுக்கு மேலயே அறுபது ரூவா முதல்ல கழிஞ்சிருக்கு. ஒவ்வொரு மாசமும்."

"தப்பாப் படிக்கிற. வேற ஆளு கணக்கா இருக்கும்."

"உன் பேருதான் போட்டிருக்கு."

"நான் கட்டல! யாரு கட்டுனா?"

மின்விசிறி மெதுவாக ஒரு சுற்று வந்தது. மலைச்சாமி மேசைமேல் கிடந்த பதினோரு சாவியையும் ஒவ்வொன்றாகப் பொறுக்கி, அவரவர் கையில் திருப்பிக் கொடுத்தான். கடைசிச் சாவியை சிவனாண்டியிடம் நீட்டிக்கொண்டே சொன்னான்:

"சாவியை எறியிறது பெரிசில்லண்ணே, அதை வந்து வாங்கிட்டுப் போயி, மேனேஜருக்கே வீட்டை வாடகைக்கு விட்டு, அந்த வாடகையோட பால் காசையும் போட்டுக் கட்டி, பாக்கிக் கெடந்த பத்தொம்பது வருசத்தைப் பதிமூணாக் கொறைக்கிறதுக்கு, உங்க வீட்டுல எல்லாம் ஒரு சீனியம்மாக்கா இருக்காகளா?"